வெளிநாட்டில் வாழ்ந்த ஆண்டுகளை எழுதுவது எப்படி: சிங்கப்பூரை முன்வைத்துச் சில வழிமுறைகள்

வெளிநாட்டில் சில ஆண்டுகள் வேலை பார்த்துவிட்டு ஊர் திரும்பியவர்களில் பலருக்கு அந்த ஆண்டுகளை எழுதிவைக்க வேண்டும் என்ற ஆசை இருக்கிறது. ஆனால் எழுத உட்கார்ந்ததும் விமான நிலையத்தின் பளபளப்பும் வானுயர்ந்த கட்டடங்களும் சாலைகளின் தூய்மையும் முதல் மூன்று பக்கங்களை நிரப்பிவிடுகின்றன; நான்காம் பக்கத்தில் சொல்வதற்கு எதுவும் இல்லாமல் கை நின்றுவிடுகிறது. நான் 1998 முதல் 2009 வரை சிங்கப்பூரில் வாழ்ந்தவன். திரும்பி வந்த பிறகு என் அனுபவத்தை எழுதியதோடு, அங்கே இருந்த நண்பர்கள் பலருடைய நினைவுக் கட்டுரைகளையும் படித்துத் திருத்திக் கொடுத்துவருகிறேன். அதில் தெரிந்துகொண்டவற்றை இங்கே சொல்கிறேன். துபாயிலோ மஸ்கட்டிலோ டொரான்டோவிலோ வாழ்ந்தவர்கள் தங்கள் ஊரின் விவரங்களை இவற்றில் பொருத்திப் பார்த்துக்கொள்ளலாம்.

ஒரு வாரம் போய்வந்தவர் எழுதுவதற்கும் பத்தாண்டு குடியிருந்தவர் எழுதுவதற்கும் உள்ள வேறுபாட்டை மனத்தில் இருத்திக்கொண்டால் பாதி வேலை முடிந்துவிடும். சுற்றிப் பார்க்கப் போனவருக்குக் காட்சிகள் கிடைக்கின்றன. குடியிருந்தவரோ அந்த ஊரில் எப்படி நிற்பது, எப்படிக் கேட்பது, எப்போது பேசாமல் இருப்பது என்று ஒவ்வொன்றாகக் கற்றிருக்கிறார். வாழ்ந்தவரின் கட்டுரைக்குக் கருப்பொருள் அந்தக் கற்றல்தான். காட்சிகளைப் படம்பிடித்தவர்கள் ஏற்கெனவே ஏராளம்.

பழைய தாள்களைத் தேடுதல்

எழுதத் தொடங்குமுன் தேதியிட்ட பொருள்கள் அனைத்தையும் ஓரிடத்தில் சேர்த்துவிடுங்கள். காலாவதியான கடவுச்சீட்டுகள், வேலை அனுமதி அட்டையின் நகல், சம்பளச் சீட்டுகள், ஊருக்குப் பணம் அனுப்பிய ரசீதுகள், மருத்துவ விடுப்புச் சான்றுகள் ஆகிய எல்லாம் பயன்படும். நீங்கள் எழுதிய கடிதங்கள் உங்களிடம் இருக்கமாட்டா. அம்மாவின் டிரங்குப் பெட்டியிலோ அக்காவின் அலமாரியிலோ தேட வேண்டும். அண்மைக் காலத்தில் போனவர்களுக்கு இன்னொரு எச்சரிக்கை உண்டு. சிங்கப்பூர் இப்போது வெளிநாட்டவரின் கடவுச்சீட்டில் நுழைவு முத்திரை குத்துவதில்லை, அனுமதி மின்னஞ்சலில் வருகிறது. ஆகவே அந்த மின்னஞ்சல்களை அழிந்துபோகுமுன் தனியே எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். கைப்பேசிப் படங்களும் வாட்ஸ்அப் குரல்பதிவுகளும் பழைய கடிதங்களின் வேலையைச் செய்யக்கூடியவை. 2020 ஏப்ரலில் தொழிலாளர் விடுதிகள் தொற்றுக்காக அடைக்கப்பட்டபோது உள்ளே இருந்த ஒருவர், தம் மனைவிக்கு நாள்தோறும் அனுப்பிய குரல்பதிவுகளைக் கேட்டுக் கேட்டுத் தேதிவாரியாக எழுதியெடுத்தார். அவர் நினைவிலிருந்து எழுதியிருந்த அத்தியாயத்தைவிட அந்தப் பதிவுகளில் பல மடங்கு உயிர் இருந்தது. சாப்பாட்டுப் பொட்டலம் வந்த நேரம், எதிர்க் கட்டிலில் யார் இருமினார்கள் என்பது, இரவில் மூடிய வாசற்கதவின் ஓசை ஆகியவற்றில் ஒன்றுகூட அவருடைய நினைவில் எஞ்சியிருக்கவில்லை.

இவற்றைக் கொண்டு ஒரு நோட்டுப் புத்தகத்தில் ஆண்டுக்கு ஒரு பக்கம் ஒதுக்கி, அந்த ஆண்டில் எந்த வீட்டில் எவரோடு இருந்தீர்கள், என்ன சம்பளம், ஊரில் யாருக்குத் திருமணம், யார் இறந்தார் என்று குறித்துக்கொள்ளுங்கள். இது வெறும் கணக்குவேலை என்று எண்ணித் தள்ளிவிடாதீர்கள். என் முதல் வரைவில், 1999 தீபாவளிக்கு லிட்டில் இந்தியா ரயில் நிலையத்தில் இறங்கி சிராங்கூன் சாலையின் விளக்கு அலங்காரத்தைப் பார்த்ததாக எழுதியிருந்தேன். அந்த நிலையம் வடகிழக்குப் பாதையோடு திறக்கப்பட்டது 2003 ஜூன் 20ஆம் நாள்தான். 1999இல் நாங்கள் பூகிஸ் நிலையத்தில் இறங்கி, லிட்டில் இந்தியாவில் உள்ள தேக்காவுக்கு நடந்தோம். இரண்டு தீபாவளிகளை நினைவு ஒன்றாக ஒட்டிவைத்திருந்தது. பிரித்துப் பார்த்தபோதுதான், 1999இல் கையில் காசில்லாமல் வெளிச்சத்தை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பினேன் என்பதும், ஊருக்குப் பட்டுச்சேலை வாங்கி அனுப்பியது நான்கு ஆண்டுகள் கழித்து என்பதும் தெளிவாயின. அந்த நான்கு ஆண்டு இடைவெளியே பிறகு ஒரு தனிக் கட்டுரையாயிற்று.

ஐயம் வரும் இடங்களில் சரிபார்ப்பதற்குச் சிங்கப்பூரின் தேசிய நூலக வாரியம் இணையத்தில் திறந்துவைத்திருக்கும் பழைய நாளிதழ்த் தொகுப்பு பெரிய துணை. 1935 முதல் வெளிவரும் தமிழ் முரசின் பழைய இதழ்களும் அதில் உள்ளன. ஒரு நாளின் மழையையோ ஒரு கடையின் விளம்பரத்தையோ கண்டுபிடித்தால் அதைச் சுற்றியிருந்த பலவும் தாமே நினைவுக்கு வரும்.

எதை எழுதுவது

அடுத்து, ஒரு வெள்ளைத்தாளை எடுத்து, முதல் வாரத்தில் உங்களால் செய்ய முடியாமல் இருந்து இரண்டாம் ஆண்டில் யோசிக்காமலே செய்யத் தொடங்கிய செயல்களை வரிசையாக எழுதுங்கள். மின்படியில் இடப்பக்கம் ஒதுங்கி நிற்பது, உணவங்காடியில் காகிதக் கைக்குட்டைப் பொட்டலத்தை மேசைமேல் வைத்து இடம்பிடிப்பது, மழைக்கு முன் பத்தாவது மாடிச் சன்னலிலிருந்து துணி காயும் மூங்கிற்கழியைச் சாயாமல் உள்ளே இழுப்பது ஆகியவை என் பட்டியலில் இருந்தவை. இப்படி 30 செயல்கள் சேர்ந்தால் 30 கட்டுரைகளுக்கு விதை கிடைத்துவிட்டது என்று பொருள்.

அவற்றில் ஒன்றை எப்படி விரிப்பது என்பதற்கு என் காப்பிக் கதையைச் சொல்கிறேன். போன மறுநாள் காலை, அடுக்குமாடியின் கீழே இருந்த கோப்பிக்கடையில் "ஒரு காபி" என்று கேட்டேன். கடைக்காரர் கையில் இருந்த கெட்டிலை நிறுத்தாமல் ஏதோ கேட்டார், எனக்குப் புரியவில்லை, தலையாட்டினேன். அடியில் கெட்டிப் பால் திரண்டு கிடக்க, மேலே தார்போன்ற கறுப்பு டிகாக்‌ஷன் நிறைந்த தடித்த பீங்கான் கோப்பை வந்தது. கலக்கத் தெரியாமல் மேலாகக் குடித்துக் கசப்பைத் தாங்கிக்கொண்டு, அடியில் இருந்த இனிப்பை அப்படியே விட்டுவிட்டு எழுந்தேன். ஒரு மாதம் போயிற்று. "கோப்பி" என்றால் இனிப்பான கெட்டிப் பால் சேர்த்தது, "கோப்பி ஓ" என்றால் பாலில்லாத கறுப்பு, "கோப்பி சி" என்றால் இனிப்பில்லாத டின் பாலோடு தனியே சர்க்கரை, "கோசோங்" சேர்த்தால் சர்க்கரையே வேண்டாம், "பெங்" என்றால் பனிக்கட்டி போட்டது என்று பக்கத்து மேசைகளைக் கேட்டே கற்றேன். ஓ என்பது சீன மொழிகளில் ஒன்றான ஹொக்கியனில் கறுப்பு. கோசோங் என்பது மலாய் மொழியில் வெறுமை. ஒரு குவளைக் காப்பி கேட்க இரண்டு மூன்று மொழிகள் ஒரே வாக்கியத்தில் சேர்கின்றன என்பதைப் பிறகு உணர்ந்தேன். ஆறாம் மாதம் ஒரு நாள், நான் மேசையை அடையுமுன்பே கடைக்காரர் என்னைப் பார்த்துவிட்டுத் துணிப்பை வடிகட்டியைத் தூக்கிக் "கோப்பி ஓ கோசோங்" ஊற்றத் தொடங்கினார். ஊரைவிட்டு வந்தபின் என்னை முகத்தால் அடையாளம் கண்ட முதல் ஆள் அவர். அப்போது கோப்பை 60 காசு.

இதில் சொல்லவருவது, கட்டுரையின் கனத்தை அந்த ஆறாம் மாதத்துக் காலையின்மேல் வைக்க வேண்டும் என்பதே. கோப்பி வகைகளின் அட்டவணையை எவரும் தந்துவிடுவார். தலையாட்டியவனிடமிருந்து சொல்லாமலே கோப்பை பெறுபவன்வரை வந்த பாதை உங்களிடம் மட்டும் இருக்கிறது. ஆகவே முதல் நாளுக்கு நான்கு வரியும் ஆறாம் மாதத்துக்கு ஒரு பக்கமும் என்று இடத்தைப் பங்கிடுங்கள். பெரும்பாலான வரைவுகளில் இந்தப் பங்கீடு தலைகீழாக இருக்கிறது.

உடம்பு முதலில் உணர்ந்து, காரணம் பின்னால் தெரியவந்தவற்றை அதே வரிசையில் எழுத வேண்டும். சிங்கப்பூரில் காலை ஆறரை மணிக்கும் இருட்டாக இருக்கும். ஏழு மணியை ஒட்டித்தான் விடியும். மாலையிலும் ஏழு மணிவரை வெளிச்சம் நிற்கும். ஆண்டு முழுவதும் இதில் பெரிய மாற்றம் இராது. தஞ்சை மாவட்டத்துக் கிராமத்தில் ஐந்தரைக்கே வெளுக்கும் வானத்தைப் பார்த்து வளர்ந்த எனக்கு, வேலைக்குப் புறப்படும் ஒவ்வொரு காலையும் நள்ளிரவில் எழுப்பிவிட்டதுபோல் இருந்தது. நிலநடுக்கோட்டுக்கு ஏறத்தாழ ஒரு பாகை வடக்கே அந்தத் தீவு இருப்பதால் பகலும் இரவும் என்றும் சமமாக இருக்கின்றன என்பதும், 1982ஆம் ஆண்டின் தொடக்கத்தில் மலேசியாவோடு ஒத்துப்போவதற்காகக் கடிகாரத்தை அரை மணிநேரம் முன்னே தள்ளியதால் கடிகாரம் சூரியனைவிட ஏறத்தாழ ஒரு மணி முந்தி ஓடுகிறது என்பதும் பல ஆண்டுகள் கழித்துத் தெரிந்தவை. கட்டுரையில் இந்த விளக்கத்தை முதலில் வைத்தால் அது புவியியல் பாடமாகிவிடும். இருட்டில் பேருந்து நிறுத்தத்தில் நின்றவனின் குழப்பம் வாசகருக்குள் இறங்கியபின் வைத்தால், அவரும் சேர்ந்து வியப்பார்.

இந்திய நேரத்தைவிடச் சிங்கப்பூர் நேரம் இரண்டரை மணி முந்தியது. நான் இரவு ஒன்பது மணிக்கு அழைத்தால் ஊரில் மாலை ஆறரை, அம்மா விளக்கேற்றும் நேரம். தொலைபேசி அட்டையின் எண்ணைச் சுரண்டி அழுத்திப் பேசிய அந்தக் காலத்தில், அம்மாவின் குரலுக்குப் பின்னால் கோயில் மணியும் மாடு கத்துவதும் கேட்கும். ஒரு நிமிடமே மிச்சம் என்று ஒரு பெண்குரல் இடையில் புகுந்து சொல்லும். வெளிநாட்டு வாழ்க்கையை எழுதும்போது ஊரைக் கொண்டுவர வேண்டுமானால் இப்படி ஓசையாகவோ நேரமாகவோ கொண்டுவாருங்கள். ஏக்கம் என்ற சொல்லை எழுதத் தேவையே இராது.

அன்று தெரியாததை அன்று தெரியாததாகவே விட்டுவிடுவதும் முக்கியம். வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தின் அடுக்குமாடிகளில் தரைமட்டம் சுவரின்றித் திறந்த தளமாக இருக்கும். வாய்ட் டெக் என்பார்கள். ஒரு வாரம் அங்கே மலாய்க் கல்யாணம் நடக்கும்; கொம்பாங் மேளம் கொட்டும் ஓசை மேல்மாடிவரை ஏறும். அடுத்த வாரம் அதே இடத்தில் சீனர் வீட்டு இறப்புச் சடங்கு நடக்கும். மூன்று, ஐந்து, ஏழு என ஒற்றைப்படை நாள்கள் உடலை வைத்திருப்பார்கள். மேசைகளில் வேர்க்கடலை இருக்கும். உடன் வேலை பார்த்த ஒருவரின் தாயார் இறந்தபோது நான் போயிருந்தேன். விடைபெறும்போது கையில் ஒரு சிவப்பு நூலைக் கொடுத்தார்கள். எதற்கென்று தெரியாமல், நம் ஊர்க் கயிறுபோல் எண்ணி மரியாதையாக வீட்டுக்கு எடுத்துவந்து சாமிப்படத்தின் அருகே வைத்தேன். அது தீங்கு அண்டாமல் காப்பதற்காகத் தரப்படுவது, வீட்டுக்குள் நுழையுமுன் வழியிலேயே போட்டுவிட வேண்டியது என்று பின்னால்தான் சொன்னார்கள். இதை எழுதும்போது பலரும் சிவப்பு நூலின் பொருளை முதல் வரியிலேயே விளக்கிவிடுகிறார்கள். அப்படிச் செய்தால் அதைச் சாமிப்படத்தின் அருகே வைத்த அந்தக் கை காணாமல் போய்விடும். எழுதுகிறவருக்கு இரண்டு வயது உண்டு: அங்கே நின்றபோது இருந்த வயதும், இப்போது எழுதும் வயதும். எந்த வரியில் எவர் பேசுகிறார் என்று வாசகருக்குத் தெரியும்படி பத்திகளைப் பிரித்துக்கொள்ளுங்கள்.

மொழி, பணம், மனிதர்கள்

சிங்கப்பூருக்கென்று ஒரு தமிழ் இருக்கிறது, அதை இழக்காதீர்கள். அங்கே தமிழ் ஆட்சிமொழிகளில் ஒன்று என்பதால் மின்தூக்கி, பெருவிரைவு ரயில், ஈரச்சந்தை, விரைவுச்சாலை போன்ற சொற்கள் அறிவிப்புகளிலும் செய்திகளிலும் நாள்தோறும் புழங்குகின்றன. டாலரை வெள்ளி என்றும் செண்டைக் காசு என்றும் சொல்கிறார்கள். தமிழகத்து வாசகருக்காக இவற்றையெல்லாம் லிஃப்ட், மெட்ரோ என்று மாற்றிவிட்டால் இடத்தின் மணம் போய்விடும். மலாய், சீனச் சொற்களைத் தமிழெழுத்திலேயே எழுதி, பொருளை அடைப்புக்குறிக்குள் தள்ளாமல் காட்சியில் விளங்கவையுங்கள். ஒருவர் "கோசோங்" என்று கேட்டுச் சர்க்கரையில்லாத கோப்பை வந்துவிட்டால் வாசகருக்கு அகராதி வேண்டியதில்லை.

பணத்தை அந்தக் காலத்துக் கணக்கிலேயே சொல்லுங்கள். 1998இல் ஒரு வெள்ளி 25 ரூபாயை ஒட்டி இருந்தது. இன்று 60 ரூபாயைத் தாண்டிவிட்டது. பழைய சம்பளத்தை இன்றைய மாற்று விகிதத்தில் பெருக்கிச் சொன்னால் அது பொய்க்கணக்கு. அந்தச் சம்பளத்தில் அறைவாடகை போக, சாப்பாடு போக, வேலைக்கு அனுப்பிய முகவருக்குக் கட்ட வாங்கிய கடனின் வட்டி போக எவ்வளவு மிஞ்சியது என்று சொல்வதே உண்மையான அளவு. கடனையும் முகவர் கட்டணத்தையும் மறைக்கும் வழக்கம் நம்மிடம் வலுவாக இருக்கிறது. நானும் ஒரு முகவரிடம் பணம் கட்டி, சொன்ன வேலை ஒன்றாகவும் கிடைத்த வேலை வேறொன்றாகவும் இருக்கக் கண்டவன். வீட்டில் ஐந்து ஆண்டுகள் சொல்லவில்லை. எழுதியபோது அவர் பெயரை விட்டுவிட்டு, அலுவலகத்தில் கைநாட்டுப்போல் கையெழுத்துப் போட்ட அந்த அரை மணிநேரத்தை மட்டும் எழுதினேன். அதைப் படித்த மூன்று பேர் தங்களுக்கும் அதுவே நேர்ந்தது என்று கண்கலங்கச் சொன்னார்கள். எனவே அந்தப் பக்கத்தை விட்டுவிடாதீர்கள் என்று மன்றாடிக் கேட்டுக்கொள்கிறேன்.

அறைத்தோழர்களைப் பற்றி எழுதும்போது பெயரை மாற்றினால் மட்டும் போதாது. சொந்த ஊர், வேலை, உடல் அடையாளம், குடும்பச் சிக்கல் ஆகிய நான்கும் சரியாக இருந்தால் ஊரில் உள்ளவர்கள் ஒரு நிமிடத்தில் கண்டுபிடித்துவிடுவார்கள். நோய், கடன், மணமுறிவு, ஆவணச் சிக்கல் போன்றவற்றை அவரிடம் கேட்காமல் எழுதக் கூடாது. கேட்டு அவர் மறுத்தால் அந்தப் பகுதியை எடுத்துவிட வேண்டும், அது எவ்வளவு நல்ல பகுதியாக இருந்தாலும்.

நாடறிந்த நிகழ்ச்சிகள் உங்கள் ஆண்டுகளில் குறுக்கிட்டிருந்தால், நீங்கள் நின்ற இடத்திலிருந்து மட்டும் சொல்லுங்கள். 2013 ஜூன் 21 அன்று சுமத்ராவின் காட்டுத்தீப் புகையால் சிங்கப்பூரின் காற்று மாசுக் குறியீடு 401ஐத் தொட்டது. அந்த எண்ணை எழுதிய வரைவுகள் பல வந்தன. முகக்கவசம் தீர்ந்துபோன கடையின் முன்னால் ஈரக் கைக்குட்டையை மூக்கில் கட்டி நின்றதை எழுதியவர் ஒருவரே. அதே ஆண்டு டிசம்பர் 8ஆம் நாள் இரவு, தமிழ்த் தொழிலாளர் ஒருவர் பேருந்தில் அடிபட்டு இறந்ததைத் தொடர்ந்து லிட்டில் இந்தியாவில் கலவரம் மூண்டது. அங்கே இல்லாதவர்கள்கூட இருந்ததுபோல் அதை எழுதிவிடுகிறார்கள். அரசு அமைத்த விசாரணைக் குழுவின் அறிக்கை 2014இல் வெளியாகியிருக்கிறது. நடந்ததற்கு அதைப் பாருங்கள். விடுதியில் இருந்தபடி விடியும்வரை தொலைபேசியில் நண்பர்களைத் தேடிக்கொண்டிருந்தீர்கள் என்றால் அதை எழுதுங்கள். அறிக்கையில் அது இராது.

ஊரோடு ஒப்பிடுவதை எண்ணி எண்ணிச் செலவிடுங்கள். "அங்கே தெருவில் குப்பையே இல்லை" என்ற வரி எல்லா வரைவுகளிலும் உண்டு. அந்தத் தெருவை விடியுமுன் கூட்டுகிறவர் யார், அவர் எந்த நாட்டிலிருந்து வந்தார், உணவங்காடியில் தட்டுகளை எடுத்து அடுக்கும் முதியவருக்கு என்ன வயது என்று ஒரு முறை பார்த்து எழுதினால், வெறும் புகழ்ச்சியாக இருந்த அந்த வரிக்குள் மனிதர்கள் வந்துவிடுவார்கள். புகழ்வதற்கும் குறை சொல்வதற்கும் எனக்கு ஆட்சேபணை இல்லை. எதைக் கண்டு சொல்கிறோம் என்பது பக்கத்தில் இருக்க வேண்டும்.

திருத்தும்போது "மறக்க முடியாத அனுபவம்", "சொர்க்கபூமி", "எறும்பைப்போல் சுறுசுறுப்பு" போன்ற தொடர்களுக்கு அடிக்கோடிட்டு, ஒவ்வொன்றின் இடத்திலும் ஒரு பொருளையோ ஒரு மணிநேரத்தையோ ஒருவர் சொன்ன சொல்லையோ வையுங்கள். பிறகு இரண்டு பேரிடம் படிக்கக் கொடுங்கள்: ஒருவர் அந்த ஊருக்கே போகாதவர், மற்றவர் உங்களோடு ஒரே அறையில் இருந்தவர். முதலாமவர் எங்கே புரியாமல் நின்றார் என்று மட்டும் கேளுங்கள். இரண்டாமவருக்கு வரைவோடு கேள்விகளையும் அனுப்புங்கள். "நன்றாக இருக்கிறது" என்ற பதிலோடு அவர் நின்றுவிடாதிருக்க அது உதவும். அந்த அறையில் எத்தனை கட்டில்கள், யார் சமைத்தோம், அன்று நான் என்ன சொன்னேன் என்று நேரடியாகக் கேளுங்கள்.

என் தந்தை இறந்த செய்தி வந்த நாளைப் பற்றி, தொலைபேசியை வைத்துவிட்டு அன்றிரவே விமானம் ஏறிவிட்டேன் என்று எழுதியிருந்தேன். அறைத்தோழர் படித்துவிட்டு இல்லை என்றார். அன்று சமையல் முறை என்னுடையதாம். அரிசியைக் களைந்து உலையில் போட்டு, ரசம் வைத்து, நால்வரும் சாப்பிட்டு முடித்து, பாத்திரங்களைக் கழுவிக் கவிழ்த்த பிறகுதான் சொன்னேனாம். பயணச்சீட்டுக்கு அவர்கள் மூவரும் பணம் திரட்டிக் கொடுத்தார்களாம். கடவுச்சீட்டை எடுத்துப் பார்த்தேன். சென்னை விமான நிலைய முத்திரை மறுநாள் தேதியில்தான் இருந்தது. அரிசி களைந்தது எனக்கு இன்றும் நினைவுக்கு வரவில்லை. அவர் சொன்னது இது, எனக்கு நினைவிருப்பது இது என்று இரண்டையும் அடுத்தடுத்து வைத்து அந்தப் பக்கத்தைத் திரும்ப எழுதினேன்.